மகன் வாத்தியார் வேலையை விட்டுவிட்டு நடிக்கப் போகிறேன் என்கிறார்

கேள்வி: எங்கள் மகனுக்கு 25 வயது. ஆங்கில இலக்கியம் படித்து, ஆசிரியர் பயிற்சியும் முடித்து, போன செப்டம்பரிலிருந்து ஒரு செகண்டரி பள்ளியில் படிப்பிக்கிறார். இப்போது வேலையை விட்டுவிட்டு நாடகப் பள்ளியில் சேரப்போகிறேன் என்கிறார். ஹீரோவாக வரும் ஆசை இல்லையாம்; குணச்சித்திர நடிகராகத்தான் வர வேண்டுமாம். பீட் போஸில்த்வெய்ட் என்ற ஆங்கிலேய நடிகரின் காட்சிகளை ஒவ்வொன்றாகப் போட்டுக் காட்டி, "இவரும் முதலில் டீச்சர்தான் அம்மா" என்கிறார். கணவர் மூன்று கிழமையாக மகனோடு கதைப்பதில்லை. இந்த நாட்டுக்கு வந்து நாங்கள் பட்ட பாடு எங்களுக்குத்தான் தெரியும். இப்படி ஒரு தொழில் உண்மையில் இருக்கிறதா? இதை நம்பிச் சாப்பிட முடியுமா? தடுப்பதா, விடுவதா?
ஒரு தாய், ஹாரோ, லண்டன்

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் மகன் ஆளைச் சரியாகத்தான் பிடித்திருக்கிறார். நடிக்கப் போகிறேன் என்று என்னிடம் வருகிற பிள்ளைகள் பெரும்பாலும் யாராவது ஒரு நட்சத்திரத்தின் பெயரைச் சொல்வார்கள். போஸில்த்வெய்ட் பெயரைச் சொல்கிற பிள்ளை கொஞ்சம் யோசித்திருக்கிற பிள்ளை. ஆனால் அவர் உங்களுக்குக் காட்சிகளைப் போட்டுக் காட்டிய வரிசை தப்பு. அவர் காட்டியதெல்லாம் அநேகமாக அந்த மனிதருக்கு 47 வயதான பிறகு வந்த படங்களாக இருக்கும். உங்கள் கேள்விக்கான பதில் அதற்கு முந்தைய வருடங்களில்தான் கிடக்கிறது.

என்னைப் பற்றி இரண்டு வரி. தொழில் ஆலோசகராக ஆவதற்கு முன் ஐந்து வருடம் வடக்கு லண்டனில் ஒரு சின்ன அரங்கில் மேடைப் பின்வேலை பார்த்தேன். நடிகர்கள் உட்காரும் நாற்காலியைத் தூக்கிப் போட்டிருக்கிறேன். அவர்கள் வாடகைக்குக் கடன் கேட்டபோது கொடுத்துமிருக்கிறேன், நானும் கேட்டிருக்கிறேன். அதனால் இந்தத் தொழிலைப் பற்றி எனக்குக் கற்பனை குறைவு, பிரியம் அதிகம். இரண்டையும் கணக்கில் எடுத்துக்கொண்டு படியுங்கள்.

சரி, பீட்டின் கதையை முதலிலிருந்து சொல்கிறேன். (முழுப் பெயரையும் ஒவ்வொரு தடவையும் எழுத எனக்குத் தெம்பில்லை. ஆரம்ப காலத்தில் ஏஜென்ட்கள் அவரிடமே பெயரை மாற்றிக்கொள்ளச் சொன்னார்களாம். மாட்டேன் என்றுவிட்டார்.) ஒரு தாளை எடுத்துக்கொண்டு ஓரத்தில் வயதை மட்டும் குறித்துக்கொண்டே வாருங்கள்.

1946இல் வாரிங்டனில் பிறந்தார். லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் நடுவில் இருக்கிற தொழிற்சாலை ஊர். உழைத்துச் சாப்பிடுகிற கத்தோலிக்கக் குடும்பம். சின்ன வயதில் பாதிரியாராகப் போகலாமா என்றுகூட நினைத்தவர். கடைசியில் போனது ஆசிரியர் பயிற்சிக்கு. லண்டனுக்கு மேற்கே ட்விக்கன்ஹாமில் இருக்கிற செயின்ட் மேரிஸ் கல்லூரியில் படித்தார். பிறகு மான்செஸ்டரில் லொரெட்டோ கல்லூரியில் நாடகம் கற்பித்தார். ஆக, உங்கள் மகன் சொன்னது உண்மை. 24 வயதில் அந்த வேலையை விட்டுவிட்டு பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியில் சேர்ந்தார். உங்கள் மகனைவிட ஒரு வயது இளையவர் அப்போது.

அடுத்து லிவர்பூலின் ஹோப் தெருவில் இருக்கிற எவ்ரிமேன் அரங்கம். எழுபதுகளில் அந்த அரங்கத்தில் ஒன்றாக வேலை பார்த்த இளைஞர்களின் பெயர்களை இன்று படித்தால் தலை சுற்றும்: ஜூலி வால்டர்ஸ், பில் நை, ஜொனதன் ப்ரைஸ், அன்டனி ஷெர். நாடகம் எழுதிக் கொடுத்தவர்களில் ஆலன் பிளீஸ்டேல், வில்லி ரஸல் இருந்தார்கள். அன்றைக்கு அவர்கள் யாரையும் யாருக்கும் தெரியாது. அரங்கத்தில் நடித்தது போக, வேனில் ஏறிப் போய் பப்களிலும் நடித்திருக்கிறார்கள். குடித்துக்கொண்டிருக்கிறவன் உன்னைப் பார்க்க வரவில்லை, அவன் பீர் குடிக்க வந்தவன். அவனைத் திரும்பிப் பார்க்க வைக்க வேண்டும். இதைவிட நல்ல பள்ளிக்கூடம் இருக்க முடியாது என்று நான் நினைக்கிறேன். ஒன்பதாம் வகுப்பு 'சி' பிரிவுக்கு வெள்ளிக்கிழமை கடைசிப் பீரியட் ஷேக்ஸ்பியர் நடத்துகிற உங்கள் மகனுக்கும் அந்த அனுபவம் கொஞ்சம் உண்டு. அந்த வேலை வீண் என்று அவர் நினைத்தால் அது தப்பு என்று நான் சொன்னதாகச் சொல்லுங்கள்.

1977இல் 'தி டூயலிஸ்ட்ஸ்' படத்தில் ஒரு துளி வேடம். ரிட்லி ஸ்காட்டின் முதல் முழுநீளப் படம் அது. பீட்டுக்கு 31 வயது. பிறகு பிபிசியின் நாடக வரிசையில் ஒன்று, நெடுந்தொடர்களில் வந்து போகிற ஆள், அங்கே ஒரு போலீஸ்காரர், இங்கே ஒரு திருடன். எண்பதுகளில் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி. 1986இல் அங்கே 'எ மிட்சம்மர் நைட்ஸ் ட்ரீம்' நாடகத்தில் கழுதைத் தலை முளைக்கிற நெசவாளி பாட்டமாக நடித்தார். அப்போது 40 வயது.

1988இல்தான் திரைப்படத்தில் பெரிய வேடம். டெரன்ஸ் டேவிஸ் தன் குடும்பத்தின் கதையையே எடுத்த 'டிஸ்டன்ட் வாய்ஸஸ், ஸ்டில் லைவ்ஸ்'. நாற்பதுகள், ஐம்பதுகளின் லிவர்பூல். அடிக்கிற அப்பா, பயந்து ஒடுங்குகிற பிள்ளைகள், துக்கத்திலும் பாடுகிற பெண்கள். அந்த அப்பா பீட். கான் திரைப்பட விழாவில் விமர்சகர்கள் பரிசு பெற்ற படம். நான் பார்த்த பிரிட்டிஷ் படங்களில் மனதை விட்டுப் போகாத பத்தில் அதுவும் ஒன்று. கிறிஸ்துமஸ் இரவில் தூங்கும் பிள்ளைகளைப் பாசத்தோடு பார்க்கிற அதே ஆள், அடுத்த காட்சியில் மேசை விரிப்பைப் பிடித்து இழுத்து எல்லாவற்றையும் தரையில் கொட்டுகிறார். இரண்டும் ஒரே மனிதன் என்று நம்ப வைக்கிற வேலை இருக்கிறதே, அதற்கு அழகான முகம் போதாது.

வயது 42. தாளைப் பாருங்கள். 24க்கும் 42க்கும் நடுவில் 18 வருடம். அந்தப் பதினெட்டு வருடத்தில் அவர் தோற்றுக்கொண்டிருக்கவில்லை, அதைக் கவனியுங்கள். வேலை பார்த்துக்கொண்டிருந்தார். நாடக உலகத்தில் மதிப்பும் இருந்தது. ஆனால் வாரிங்டனில் ஒரு அத்தை கடைக்குப் போனால், "உன் மருமகன் என்ன செய்கிறான்?" என்று கேட்பவருக்குச் சொல்ல ஒரு பெயர் பெற்ற படம் கிடையாது. குணச்சித்திர நடிகரின் வாழ்க்கை என்பது பெரும்பாலும் இந்தப் பதினெட்டு வருடம்தான். உங்கள் மகன் உங்களுக்குக் காட்டியது அதன் அறுவடையை.

அந்த அறுவடை வந்த விதமும் சுவாரஸ்யமானது. பிரிஸ்டலில் டேனியல் டே-லூயிஸ் மாணவனாக இருந்த காலத்தில் பீட்டை மேடையில் பார்த்து வியந்தவர். பல வருடம் கழித்து ஜிம் ஷெரிடன் 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்' எடுக்கிறார், டே-லூயிஸ் கதாநாயகன். அப்பா வேடத்துக்கு இவரைப் போடுங்கள் என்று சொன்னவர்களில் டே-லூயிஸ் முக்கியமானவர். எப்போதோ பிரிஸ்டலில் மேடையில் ஒழுங்காக நடித்ததற்கு 1993இல் கூலி வந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். இந்தத் தொழிலில் 'காண்டாக்ட்' என்று பிள்ளைகள் பறக்கிறார்களே, உண்மையான காண்டாக்ட் இப்படித்தான் உண்டாகிறது. பார்ட்டியில் கை குலுக்கி வந்தது இல்லை இது.

அந்தப் படத்தின் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கலாம். கில்ட்ஃபர்ட் பப் குண்டுவெடிப்பில் தப்பாகக் கைது செய்யப்பட்ட ஜெரி கான்லன், அவரைக் காப்பாற்ற பெல்ஃபாஸ்டிலிருந்து வந்து தானும் சிறைக்குப் போன அப்பா ஜுசெப்பே கான்லன். ஜுசெப்பே 1980இல் கைதியாகவே இறந்துபோனார். அவர் குற்றமற்றவர் என்று நீதிமன்றம் ஒப்புக்கொள்ள 1991 ஆனது. பீட் அந்த அப்பாவாக நடித்ததற்கு ஆஸ்கர் துணை நடிகர் பரிந்துரை கிடைத்தது. பரிசு டாமி லீ ஜோன்ஸுக்குப் போய்விட்டது. வயது 48.

பிறகு வெள்ளம் மாதிரி வேலை. 1994இல் 'ஷார்ப்' தொலைக்காட்சிப் படங்களில் ஒபதையா ஹேக்ஸ்வில் என்ற அருவருப்பான படைவீரன். 1995இல் 'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்'. 1996இல் 'ரோமியோ + ஜூலியட்' பாதிரியார். 1997இல் ஸ்பீல்பெர்க்கின் டைனோசர் படத்தில் வேட்டைக்காரர், அதே வருடம் அதே இயக்குநரின் 'அமிஸ்டாட்'. உலகத்திலேயே சிறந்த நடிகர் என்று ஸ்பீல்பெர்க் சொன்னதாகச் சொல்வார்கள். பீட் அதைக் கிண்டல் செய்தார்: "பீட் தன்னை உலகத்திலேயே சிறந்த நடிகர் என்று நினைத்துக்கொண்டிருக்கிறான்" என்றுதான் ஸ்பீல்பெர்க் சொல்லியிருப்பார் என்று. இந்த ஒரு பதிலுக்காகவே எனக்கு அவரைப் பிடிக்கும்.

'யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' பற்றி ஒரு சின்ன விலகல். அதில் அவர் பெயர் கோபயாஷி. ஜப்பானியப் பெயர், பேச்சில் நம் பக்கத்துச் சாயல், ஆள் வாரிங்டன். அந்தக் குழப்பத்துக்குப் படத்தின் முடிவில் ஒரு காரணம் உண்டு. நீங்கள் பார்த்திருக்காவிட்டால் கெடுக்க விரும்பவில்லை. ஆனால் அன்று அப்படி ஒரு வேடத்தை ஒரு வெள்ளைக்காரருக்குக் கொடுத்ததை யாரும் பெரிதாகக் கேட்கவில்லை. இன்று கேட்பார்கள். உங்கள் மகனுக்கு அது நல்ல செய்திதான். இன்றைய பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் மருத்துவராக, வக்கீலாக, பக்கத்து வீட்டுக்காரராக நம் முகங்களுக்கு வேலை இருக்கிறது. கூடவே ஒரு எச்சரிக்கை: அதே மருத்துவர், அதே கடைக்காரர் என்று திரும்பத் திரும்ப அழைப்பார்கள். வாரிங்டன் உச்சரிப்புக்காரருக்கும் முதலில் திருடனும் போலீஸ்காரனும்தான் கிடைத்தார்கள் என்பதைச் சொல்லிவைக்கிறேன்.

எனக்குப் பிடித்தது 1996இல் வந்த 'பிராஸ்டு ஆஃப்'. சுரங்கம் மூடப்போகிற யார்க்ஷர் ஊரில் பித்தளை வாத்தியக் குழு. அதை நடத்துகிற டேனி, நுரையீரல் முழுக்கக் கரித்தூளோடு இருமிக்கொண்டே கோலை அசைக்கிற கிழவர். கதை கற்பனை, ஆனால் அதன் பின்னால் இருப்பது 1993இல் மூடப்பட்ட கிரைம்தோர்ப் சுரங்கம். படத்தில் கேட்கிற இசையும் அந்தச் சுரங்கத்தின் பெயரைத் தாங்கிய குழு வாசித்ததுதான். கடைசியில் ராயல் ஆல்பர்ட் ஹாலில் டேனி ஒரு பேச்சுப் பேசுவார். இசைதான் பெரிது என்று நினைத்திருந்தேன், மனிதர்களுக்கு முன்னால் அது ஒன்றுமே இல்லை என்கிற மாதிரி. அடுத்த வருடம் 'டப்தம்பிங்' என்று ஒரு பாட்டு உலகமெல்லாம் ஓடியதே, அதன் ஆல்பம் வடிவத்தின் தொடக்கத்தில் வருவது அந்தப் பேச்சின் ஒரு துண்டு. 50 வயதில் கிட்டத்தட்ட கதாநாயகன். இந்தத் தொழிலில் முகம் பழுக்க நேரமாகும். பழுத்துவிட்டால் அதற்குப் போட்டி குறைவு. 25 வயதில் அழகான பையன்கள் வரிசையில் ஆயிரம் பேர். 50 வயதில், சுரங்கத்தில் வேலை பார்த்தவன் என்று சொன்னால் நம்பக்கூடிய முகமும் ஷேக்ஸ்பியர் பேசுகிற நாக்கும் சேர்ந்தவர்கள் எத்தனை பேர்?

2004இல் ஓபிஇ என்ற பிரிட்டிஷ் அரசு கௌரவப் பட்டம் கொடுத்தார்கள். சில வருடம் கழித்து, கிங்ஸ்நார்த்தில் நிலக்கரி மின்நிலையத்துக்கு அரசு அனுமதி கொடுத்தால் பட்டத்தைத் திருப்பித் தந்துவிடுவேன் என்று அமைச்சர் முகத்துக்கு நேரே சொன்னவர். 2008இல், தான் தொடங்கிய அதே எவ்ரிமேனுக்குத் திரும்பிப் போய் லியர் அரசனாக நடித்தார். 2010 ஒரே வருடத்தில் 'கிளாஷ் ஆஃப் த டைட்டன்ஸ்', 'இன்செப்ஷன்', 'தி டவுன்' மூன்றும் வந்தன. 2011 ஜனவரி 2ஆம் தேதி கணையப் புற்றுநோயால் இறந்தார், 64 வயதில். 'தி டவுன்' படத்துக்காக பாஃப்டா என்ற பிரிட்டிஷ் திரைப்பட விருதுப் பரிந்துரை அவர் போன பிறகு வந்தது.

சரி, இப்போது சாப்பாட்டுக் கேள்வி.

தொழில் இருக்கிறது. நிச்சயமாக இருக்கிறது. 1930இல் தொடங்கிய ஈக்விட்டி என்ற தொழிற்சங்கம் இருக்கிறது, குறைந்தபட்சக் கூலி ஒப்பந்தங்கள் இருக்கின்றன, 1927 முதல் நடிகர்களின் விவரம் பதிகிற ஸ்பாட்லைட் இருக்கிறது. ஆனால் மாதச் சம்பளம் என்று ஒன்று இல்லை. வரிக் கணக்கில் நடிகர் சுயதொழில் செய்பவர். ஒரு வேலைக்கு ஆயிரம் பவுண்டு வந்தால், ஏஜென்ட் கமிஷன் 15 சதவீதம் என்று வைத்தால் 150 போகும். ஏஜென்ட் வாட் வரிக்குப் பதிந்தவராக இருந்தால் அந்த 150க்கு மேல் 30. மீதி 820. இதிலிருந்து வருமான வரி, தேசியக் காப்பீடு, ஒத்திகைக்குப் போய்வந்த ரயில் காசு, புகைப்படக்காரர். அடுத்த வேலை நாளைக்கும் வரலாம், நாலு மாதம் கழித்தும் வரலாம். தொலைக்காட்சியில் மறு ஒளிபரப்புக்குக் கூலி வருகிற பழக்கம் முன்பு பலருக்குக் கைகொடுத்தது. இப்போது பெரும்பாலும் மொத்தமாக ஒரு தொகை கொடுத்து முடித்துவிடப் பார்க்கிறார்கள்.

இன்னொன்று, உங்கள் மகனிடம் இதை நீங்கள் சொல்லாதீர்கள், நான் சொன்னதாகப் படிக்கக் கொடுங்கள். பீட் ஏறிய ஏணி இப்போது அதே இடத்தில் இல்லை. அவர் நாடகப் பள்ளிக்குப் போன காலத்தில் உள்ளூராட்சி உதவித்தொகை கிடைக்க வழி இருந்தது. பல்கலைக்கழகக் கட்டணம் என்ற ஒன்றே 1998இல்தான் வந்தது. ஊருக்கு ஊர் ரெபர்ட்டரி அரங்குகள் இளம் நடிகர்களை ஒரு பருவம் முழுக்கச் சம்பளத்துக்கு வைத்திருந்தன. அந்தக் காலத்திலும் சிக்கல் இல்லாமல் இல்லை: ஈக்விட்டி அட்டை இல்லாமல் வேலை கிடைக்காது, வேலை இல்லாமல் அட்டை கிடைக்காது என்ற கொடுமை எண்பதுகளின் இறுதி வரை இருந்தது. ஆனால் அந்த அட்டையைத் தேடித்தான் பிள்ளைகள் லிவர்பூலுக்கும் நாட்டிங்ஹாமுக்கும் போனார்கள், அங்கேதான் நடிக்கக் கற்றார்கள். இன்று படுக்கையறைச் சுவருக்கு முன்னால் நின்று செல்போனில் தானே படம்பிடித்து அனுப்புகிறார்கள். பதில்கூட வருவதில்லை. அந்த மௌனத்தைத் தாங்குவதுதான் இப்போதைய பயிற்சி.

உங்கள் மகனுக்குக் குறிப்பாக நான் சொல்வது இதுதான்.

பள்ளியை இப்போது விடக்கூடாது. இங்கிலாந்தில் புது ஆசிரியருக்கு இன்டக்‌ஷன் காலம் (வேலையோடு சேர்ந்த தொடக்கப் பயிற்சி) 2021 முதல் இரண்டு பள்ளி வருடம். அதை முடிக்காமல் விட்டால் ஆசிரியர் தகுதி பறிபோகாது. ஆனால் குறுகிய காலச் சப்ளை வேலைக்கு (வராத ஆசிரியருக்குப் பதிலாகப் போய் வகுப்பெடுப்பது) அந்தத் தகுதி கிடைத்த நாளிலிருந்து ஐந்து வருடம்தான் அனுமதி. முடித்துவிட்டால் அந்தக் கடிகாரம் இல்லை. நடிகருக்கு உலகத்திலேயே நல்ல துணைத்தொழில் சப்ளை டீச்சர் வேலைதான்: காலையில் கூப்பிட்டால் போகலாம், ஒத்திகை இருந்தால் வரமுடியாது என்று சொல்லலாம், காபி கடையைவிடக் கூலி நன்று. 40 வயதிலும் அது கையில் இருக்க வேண்டும். மீதியிருக்கிற மாதங்களுக்காக அதைத் தூக்கி எறிவது மடத்தனம். இந்த ஒரு விஷயத்தில் நான் உங்கள் கணவரின் கட்சி.

அடுத்து, மூன்று வருட இளங்கலை நாடகப் படிப்பை மறந்துவிடச் சொல்லுங்கள். ஏற்கெனவே ஒரு பட்டம் இருப்பவருக்கு இரண்டாவது இளங்கலைக்கு அரசின் கட்டணக் கடன் பொதுவாகக் கிடைக்காது. வருடத்துக்கு ஒன்பதாயிரம் பவுண்டுக்கு மேல் கட்டணம், கூடவே சாப்பாடு வாடகை, எல்லாம் உங்கள் தலையில் விழும். முதுகலை நடிப்புப் படிப்பு ஓராண்டு, இரண்டாண்டு என்று பல நல்ல பள்ளிகளில் இருக்கிறது. ஏற்கெனவே முதுகலைப் பட்டம் இல்லாதவருக்கு அதற்கு அரசுக் கடன் உண்டு. முழுச் செலவையும் அது மூடாது. ஆனால் இருக்கிற பட்டத்தை வைத்து முன்னால் போகிற வழி அது. இந்த இரண்டு வருடத்தில் அந்தத் துண்டு விழுகிற பணத்தைச் சம்பளத்திலிருந்து அவர் சேர்க்கட்டும். நீங்கள் வீட்டை அடகு வைத்துக் கொடுக்காதீர்கள். கொடுக்க முடிந்தது ஒரு அறையும் இரவுச் சாப்பாடும். லண்டனில் நடிகனுக்கு அது எவ்வளவு பெரிய சொத்து என்று வெளியூரிலிருந்து வந்து அறைக்கு வாடகை கட்டுகிற பிள்ளைகளைக் கேட்டால் சொல்வார்கள்.

இந்த இரண்டு வருடத்தில் நடிக்காமல் இருக்க வேண்டியதில்லை. மாலை நேர வகுப்பு, ஊர் நாடகக் குழு, தமிழ் நாடகம், எதுவானாலும் சரி. எந்த வேடம் கொடுத்தாலும் எடுக்க வேண்டும், கிழவர் வேடம் கொடுத்தால் முந்திக்கொண்டு எடுக்க வேண்டும். இரண்டு வருடம் முடிகிறபோதும் சனி ஞாயிறு ஒத்திகைக்கு ஓடிக்கொண்டிருக்கிறாரா, இல்லை ஏழாவது வாரத்திலேயே சாக்குச் சொல்ல ஆரம்பித்துவிட்டாரா என்பது உங்களுக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். நாடகப் பள்ளித் தேர்வுக்குழு சொல்வதைவிட அது நம்பகமான செய்தி.

அப்புறம் ஏஜென்ட் விஷயம். முன்பணம் கேட்கிற எவரையும் வாசலோடு அனுப்பிவிட வேண்டும். கமிஷன் என்பது வேலை வாங்கிக் கொடுத்த பிறகு எடுப்பது. என்னிடம் ஆலோசனைக்கு வந்த ஒரு பெண் பிள்ளை, புகைப்படத் தொகுப்பு என்ற பெயரில் எழுநூறு பவுண்டு கட்டிவிட்டு ஒரு வருடம் காத்திருந்தாள். ஒரே ஒரு அழைப்புகூட வரவில்லை. நல்ல புகைப்படக்காரரை நாமே தேடிப் போகலாம், அதற்கு ஏஜென்ட் தேவையில்லை.

கடைசியாக, நீங்கள் கேட்காத ஒன்று. உங்கள் மகன் காட்டிய காட்சிகளில் எவை இருந்தன என்று நீங்கள் எழுதவில்லை. எனக்கு ஒரு ஊகம் இருக்கிறது. இந்த நடிகரின் பேர்சொல்லும் வேடங்களை எடுத்துப் பாருங்கள்: லிவர்பூலில் அடிக்கிற அப்பா. சிறையில் மகனோடு சண்டை போட்டுக்கொண்டே அவனை மனிதனாக்குகிற அப்பா. 'இன்செப்ஷன்' படத்தில் சாகக்கிடக்கிற கோடீஸ்வர அப்பா. அந்தப் படத்தில் அவருக்கு வசனமே சில சொற்கள்தான். மகனிடம் அவர் கடைசியாகச் சொன்னதில் மகனுக்குக் கேட்டது 'ஏமாற்றம்' என்ற ஒரே சொல். அந்த ஒரு சொல்லுக்கு அப்பா என்ன அர்த்தம் வைத்திருந்தார் என்பதைச் சுற்றித்தான் பிற்பாதி ஓடுகிறது.

மூன்று கிழமையாகப் பேசாத ஒரு அப்பா இருக்கிற வீட்டில், ஒரு பிள்ளை இந்த நடிகரைத் தேடிப் பிடித்துத் தன் அம்மாவுக்கு ஒவ்வொன்றாகப் போட்டுக் காட்டுகிறார். உங்களுக்கு மட்டும்தான் காட்டினார், இல்லையா?

உங்கள் கணவர் மாலையில் டிவி பார்ப்பவர் என்றால், 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்' நல்ல படம். பொலிஸ், விசாரணை, நீதிமன்றம் என்று ஓடுகிற கதை. செய்யாத குற்றத்துக்குப் பிள்ளையைப் பிடித்துக்கொண்டு போனால் பெற்றவர் வயிறு எப்படிக் கலங்கும் என்பதை நம் ஆட்களுக்கு விளக்க வேண்டியதில்லை. நடிப்புத் தொழில் பற்றி எதுவும் பேசாமல், சும்மா போட்டுவிட்டு மகனையும் கூப்பிட்டு உட்கார வையுங்கள். ஒலிநாடாவில் ஜெரி அப்பாவைப் பற்றிப் பேசுகிற இடத்தில் நீங்கள் தேநீர் போட எழுந்து போய்விடலாம்.

மகனின் இன்டக்‌ஷன் எந்த மாதம் முடிகிறது, முதுகலைக்கு எந்தப் பள்ளிகளைப் பார்த்து வைத்திருக்கிறார், கையில் எவ்வளவு சேமிப்பு இருக்கிறது என்ற மூன்றையும் அவரையே எனக்கு எழுதச் சொல்லுங்கள். கணக்குப் போட்டுப் பார்க்கலாம்.